வாஹ்கோஹ்தொவின்

கனடாவின் கிரீ மக்கள் உறவுமுறையைக் குறிக்கும் சொல் இது. ‘வாஹ்கோம்’ என்றால் ஒருவரை உறவாகக் கொள்வது. ‘வின்’ அதைப் பெயராக்கும் விகுதி. மனிதரோடு விலங்கும் நிலமும் இந்த உறவில் சேர்த்தி. ‘நிகாவி’ என்றால் என் தாய். அதோடு ‘சிறிய’ என்ற பொருள் தரும் விகுதி சேர்ந்தால் ‘நிகாவீஸ்’, தாயின் சகோதரி. நம் சின்னம்மாவேதான்! 1885-க்குப் பிறகு, இம்மக்கள் தங்களுக்கு அரசு ஒதுக்கிய நிலத்தைத் தாண்டி உறவினரைப் பார்க்கப் போகவும் அரசு அலுவலரின் அனுமதிச்சீட்டு தேவைப்பட்டது. இத்தனைக்கும் அதற்குச் சட்டமே கிடையாது. பழங்குடிக் குழந்தைகளுக்கான உறைவிடப் பள்ளிகளில் கிரீ பேசினால் தண்டனை. அண்ணன் தங்கையைக்கூடப் பிரித்து வைத்தார்கள். அறுக்கப் பார்த்தது மொழியை மட்டுமல்ல, உறவையும்தான். சொல் பிழைத்தது. ஆல்பர்ட்டா பல்கலைக்கழகத்தில் பழங்குடிச் சட்டநெறியை ஆராயும் அமைப்பு ஒன்று இன்று இதையே பெயராகச் சூடியிருக்கிறது.