ரெண்டு முச்சதம், ஒரே இன்னிங்ஸ்

சின்ன டீமைப் போட்டு சாத்தின ரன்னெல்லாம் ஒரு ரன்னா? ரொம்ப நாளா காரைக்கால் டீக்கடையில் இப்படித்தான் நக்கலடிச்சுக்கிட்டு இருந்தேன்.

சரி, மேட்டருக்கு வருவோம். 1988-89 ரஞ்சி சீசன், பனாஜி. கோவாவுக்கு எதிரா தமிழ்நாடு 6 விக்கெட்டுக்கு 912 அடிச்சு டிக்ளேர். டபிள்யூ.வி.ராமன் 313, அர்ஜன் கிருபால் சிங் 302 நாட் அவுட். முதல்தர கிரிக்கெட்டில் ஒரே இன்னிங்ஸில் ரெண்டு பேர் முச்சதம் அடித்தது அதுதான் முதல் தடவை. இதுல ஒரு கூத்து என்னன்னா, அந்த 912-ல் 52 ரன் மட்டையில் பட்டு வந்ததே இல்லை! ஓவர்களை மெதுவாப் போட்டதுக்கு கோவா கட்டின அபராதம். அடியும் வாங்கி தண்டமும் கட்டின கதை. பாவம், 1985-86-ல்தான் ரஞ்சிக்கே வந்த டீம்.

2018-19-ல் புதுசா ஒன்பது டீமை ரஞ்சியில் சேர்த்தாங்க. அருணாச்சலப் பிரதேசம், மிசோரம்... கூடவே புதுச்சேரி. காரைக்காலும் அதுக்குள்ளதானே மக்களே! இப்ப நாமதான் சின்ன டீம். நக்கல் தொண்டையிலேயே நின்னுடுச்சு.

2024 நவம்பர், போர்வோரிம். ரஞ்சியில் ரெண்டாவது தடவையா அதே இரட்டை முச்சதம். ஸ்னேஹல் கவுதாங்கர் 314, காஷ்யப் பாக்லே 300, ரெண்டு பேருமே நாட் அவுட். பிரியாமல் சேர்த்தது 606 ரன். சாத்தினது யாருங்கறீங்க? அதே கோவா! பந்து எவ்வளவு சுலபமா வந்தாலும் 300 வரைக்கும் நின்னு ஆடணும்ல, அதை இப்ப ஒத்துக்கறேன்.

ஆனா அன்னிக்கு நான் திரும்பத் திரும்பப் பார்த்தது எதிரணி ஸ்கோரைத்தான். அருணாச்சல், 84, 92.