வந்தவரே அழைத்துவந்தவர்: கோல சிலாங்கூர் தோட்டங்களும் கங்காணி முறையும்

மலாயாத் தோட்டங்களுக்குச் சென்னை மாகாணத்தில் ஆள் திரட்டும் உரிமத்தை யார் வேண்டுமானாலும் வாங்கிவிட முடியாது. ஒரு தோட்டத்துக்கு ஆள் வேண்டுமென்றால், அதே தோட்டத்தில் வேலை பார்த்த ஒருவர்தான் ஊருக்குப் போகவேண்டும். தோட்ட மேலாளரான துரை அவர் பெயரை எழுதிக் கையெழுத்திடுவார், தொழிலாளர் இலாகா உரிமம் தரும், நாகப்பட்டினத்திலோ சென்னையிலோ இருந்த மலாயாக் குடியேற்ற அலுவலகத்தில் அது பதிவாகும். அதற்குப் பிறகே, கங்காணி எனப்பட்ட அவர் தன் கிராமத்துக்குக் கிளம்புவார். இந்த ஒழுங்கைத் தொழிலாளியின் பாதுகாப்புக்காக வந்ததென்று விளக்குவதே வழக்கம். ஊர்பேர் தெரியாத தரகன் ஏமாற்றுவான், கூட நின்று மரம் வெட்டியவன் ஏமாற்றமாட்டான் என்பது அந்த விளக்கத்தின் நியாயம். கோல சிலாங்கூர் வட்டாரமும் வட சிலாங்கூர்த் தோட்டங்களும் கடந்துவந்த பாதையைப் பார்த்தால் அந்த நியாயம் பாதிதான் சரி என்று தெரிகிறது. கங்காணி முறை அத்தனை காலம் நிலைத்ததற்கும், அத்தனை பேரைக் கடல் கடத்தியதற்கும் காரணம், ஆள் தேர்ந்தெடுத்தவர் ஒருகாலத்தில் தேர்ந்தெடுக்கப்பட்டவராக இருந்ததே. பட்டு அறிந்த அவருடைய அனுபவத்தைத் தோட்ட நிர்வாகம் விலைக்கு வாங்கியது. அந்த விலை எப்படிக் கொடுக்கப்பட்டது என்பதிலிருந்தே கேடு தொடங்கியது.

முதலில் நிலத்தைப் பார்ப்போம். 19ஆம் நூற்றாண்டின் கடைசிப் பத்தாண்டில் சிலாங்கூர்த் தோட்டக்காரர்கள் காப்பியை நம்பியிருந்தார்கள். பிரேசில் காப்பி உலகச் சந்தையில் குவிந்து விலை சரிந்ததும் அவர்கள் ரப்பருக்கு மாறினார்கள். 1910இல் லண்டனில் ரப்பர் விலை ராத்தலுக்கு 12 ஷில்லிங்கைத் தாண்டியபோது, ஜெராம், புக்கிட் ரோத்தான், ஈஜோக், ரந்தாவ் பஞ்சாங், இன்று பெஸ்தாரி ஜெயா எனப்படும் பத்தாங் பெர்ஜுந்தை என்று சிலாங்கூர் ஆற்றை ஒட்டிய வட்டாரம் முழுவதும் காடு விழுந்துகொண்டிருந்தது. கடலோரத்தில் தென்னந்தோட்டங்களும் பரவின. ரந்தாவ் பஞ்சாங்கில் தோட்டம் போட்ட பிரெஞ்சுக்காரர் ஆன்றி ஃபோகொன்னியே 1917இல் தென்னமரம் தோட்டத்தில் நாட்டின் முதல் வணிக எண்ணெய்ப்பனைச் சாகுபடியைத் தொடங்கினார். மலாயா வாழ்க்கையைப் பற்றி அவர் எழுதிய நாவலுக்கு 1930இல் பிரான்சின் கோன்கூர் பரிசு கிடைத்தது. துரையின் அனுபவம் உலக இலக்கியத்தில் இடம்பெற்றுவிட்டது. அதே ஆற்றங்கரைக்கு ஆட்களைக் கொண்டுவந்த கங்காணியின் அனுபவமோ உரிமப் பதிவேடுகளிலும் விசாரணை அறிக்கைகளிலும் துண்டு துண்டாகக் கிடக்கிறது. அந்தத் துண்டுகளைச் சேர்த்துப் பார்த்தாலும் போதும், அந்த ஆளின் உருவம் தெளிவாகவே தெரியும்.

கங்காணிக்கு முன்பு ஒப்பந்தக் கூலி முறை இருந்தது. தொழில்முறைத் தரகர்கள் ஆள் பிடித்தார்கள், தொழிலாளி சில ஆண்டுகளுக்குக் கட்டுப்பட்டு வந்தார், ஓடிப்போனால் சிறை. மலாயாவுக்கான இந்த முறைக்கு 1910இல் தடை வந்தது. கங்காணி முறை இலங்கைக் காப்பித் தோட்டங்களில் வேர்விட்டு, மலாயாவிலும் பழகி, ரப்பர் பெருகிய காலத்தில் முதன்மை பெற்றது. 1907இல் தமிழர் குடியேற்ற நிதி ஏற்பட்டது. தமிழ்த் தொழிலாளரை வைத்திருந்த ஒவ்வொரு தோட்டமும் அவர்கள் வேலை செய்த நாள்களின் கணக்குக்கு ஏற்ப இந்த நிதிக்குப் பணம் கட்டவேண்டும். கப்பல் கட்டணமும் முகாம் செலவும் அதிலிருந்து போயின. ஆள் திரட்டாத தோட்டமும் கட்டியாக வேண்டும் என்பதால், கட்டிய பணத்துக்குப் பலன் காண எல்லாத் தோட்டங்களுமே கங்காணிகளை ஊருக்கு அனுப்பின. 1969இல் வெளிவந்த கெர்னியல் சிங் சந்துவின் ஆய்வு, 1938 வரை இந்த வழியில் வந்தவர்களைப் பத்து லட்சத்துக்கு மேல் என்று கணக்கிடுகிறது.

தரகரால் முடியாத எதை இவரால் செய்ய முடிந்தது? தஞ்சாவூர், திருச்சி, சேலம், வடஆற்காடு மாவட்டங்களின் கூலிக் குடும்பங்களுக்கு மலாயா கண்காணாத சீமை. அந்தச் சீமையிலிருந்து உயிரோடு திரும்பி வந்து நிற்பவரே அதற்குச் சாட்சி. போகும்போது கடன்பட்டுப் போனவர் இன்று சட்டையும் கைப்பணமுமாக வந்திருக்கிறார், அண்ணன் தம்பி முறை சொல்லிப் பேசுகிறார், தான் தின்ற சோற்றையும் வெட்டிய மரத்தையும் பற்றிச் சொல்கிறார். இப்படி ஒருவரை நம்ப வைக்க எந்த விளம்பரமும் வேண்டியதில்லை. ஆனால் ஊருக்குத் திரும்பி வந்து பேசக்கூடியவர் பிழைத்தவர் மட்டுமே. சிலாங்கூர்க் கரையோரம் மலேரியா மண்டிய சதுப்பு நிலம். கிள்ளானில் மருத்துவராக இருந்த மால்கம் வாட்சன் 1901 முதல் கொசுவை ஒழிக்கப் பாடுபட்டு, அதைப் பற்றி 1911இல் நூலே எழுதினார். புதிதாகக் காடு வெட்டிய சில தோட்டங்களில் ஓர் ஆண்டிலேயே ஆயிரம் பேருக்கு நூற்றுக்கு மேற்பட்டோர் இறந்த காலம் அது. இறந்தவர் யாரும் உரிமம் வாங்கிக்கொண்டு ஊருக்கு வரவில்லை. கங்காணி பொய்யே பேசாதவராக இருந்தாலும்கூட, தப்பியவரை மட்டும் சாட்சியாக அனுப்பும் முறை கேட்பவருக்குப் பொய்யான கணக்கையே கொடுத்தது.

அந்தச் சாட்சிக்குக் கூலி உண்டு. கொண்டுவந்த ஒவ்வோர் ஆளுக்கும் கங்காணிக்குத் தோட்டம் தரகுப் பணம் கொடுத்தது. அதற்கு மேல் தலைக்காசு: தன் ஆள் வேலைக்கு வந்த ஒவ்வொரு நாளுக்கும் தலைக்கு இரண்டு சென்ட் அளவில் அவருக்குச் சேர்ந்தது. ஐம்பது பேரைக் கொண்டுவந்த ஒருவரின் ஆட்கள் காலைப் பிரட்டில், அதாவது ஆள் கணக்கெடுப்பில், முழுதாக நின்றால் அன்றைக்கு ஒரு வெள்ளி, அதாவது நூறு சென்ட். 1920களின் கடைசியில் நல்ல தோட்டத்தில் ஓர் ஆண் நாள்முழுதும் பால் வெட்டி வாங்கிய கூலி ஐம்பது சென்ட். அதைப்போல் இருமடங்கு வருமானம், கத்தியைத் தொடாமலே. இதை மறுபுறமும் எண்ணிப் பார்க்கவேண்டும். காய்ச்சலில் லயத்தில், தன் குடியிருப்பு வரிசையில், படுத்துவிட்டவர் கங்காணிக்கு நட்டம். வேறு தோட்டத்துக்குப் போக நினைத்தவர் நட்டம். கூலி போதாது என்று பிரட்டில் நின்று வாய் திறந்தவரும் நட்டந்தான். ஊரில் மாமன் மச்சான் என்று கூப்பிட்டு அழைத்துவந்த அதே ஆள், தோட்டத்தில் அவர்கள் உடம்பையும் வாயையும் தன் வருமானக் கணக்கில் பார்க்கும் நிலைக்கு வந்தார். அவர் மனம் கெட்டுப்போனதாலேயே இது நடந்தது என்று நான் வாதிடவில்லை. எத்தனை நல்ல மனிதரையும் இந்தக் கணக்கு அந்தப் பக்கம் இழுத்திருக்கும்.

இதற்கு ஒரு மறுப்பு உடனே எழும். கங்காணி கொண்டுவந்த தொழிலாளி சட்டப்படி சுதந்திரமானவர், ஒரு மாத அறிவிப்புக் கொடுத்து விலகலாம், ஒப்பந்தக் கூலியைப் போல் கட்டுண்டவர் இல்லை என்பார்கள். சட்டம் அப்படித்தான் சொன்னது, முந்தைய கொடுமையோடு ஒப்பிட்டால் அது முன்னேற்றம் என்பதையும் மறுக்க முடியாது. ஆனால் அறிவிப்பைக் கொடுத்துவிட்டு அவர் எங்கே போவார்? அவருக்குத் தெரிந்த ஒரே பெரிய மனிதர் கங்காணி. பல தோட்டங்களில் கடை நடத்தியவரும் கடன் கொடுத்தவரும் அவரே. ஊரில் இருக்கும் பெற்றோருக்குச் செய்தி போவதும் அவர் சொந்தபந்தத்தின் வழியாகவே. ஒப்பந்தக் காகிதம் கட்டியதை இங்கே உறவும் கடனும் கட்டின. சிறைக்குப் பயந்து நின்றவர், இப்போது சொந்தக்காரர் முகத்துக்கு அஞ்சி நின்றார். அதிலிருந்து விடுபடுவது இன்னும் கடினம், ஏனென்றால் அதை எதிர்ப்பது நன்றி கெட்ட செயல் என்றே அவருக்குத் தோன்றும்.

இரண்டாவது மறுப்பு இதைவிடக் கனமானது. கங்காணியால்தான் தமிழர் மலாயாவில் தனித்தனி ஆளாகச் சிதறாமல் குடும்பமாக வாழ்ந்தார்கள் என்பது அது. உண்மை. ஒப்பந்தக் காலத்தில் பெரும்பாலும் தனி ஆண்கள் வந்தார்கள். கங்காணி வழியாகப் பெண்களும் பிள்ளைகளும் வந்தார்கள். ஒரே ஊர்க்காரர் ஒரே லயத்தில் குடியேறினார்கள், மாரியம்மனுக்குக் கோயில் எழும்பியது, தீமிதியும் காவடியும் தொடர்ந்தன. கோயில் காரியத்துக்கு முன்நின்றவரும் வழக்குத் தீர்த்தவரும் பெரிய கங்காணி. தோட்டப் பள்ளிகள் தொடக்கத்தில் நடந்ததிலும் கங்காணிகளுக்கும் கிராணிகள் எனப்பட்ட எழுத்தர்களுக்கும் பங்கு உண்டு. இன்றைக்கு மலேசியத் தமிழர் என்று ஒரு சமூகம் வேரூன்றி நிற்பதற்கு இந்த ஏற்பாடு ஒரு காரணம். ஆனாலும் ஒன்றைக் கவனிக்கவேண்டும். அவர் கொண்டுவந்த ஊர், ஊரின் சாதி அடுக்கையும் சேர்த்தே கொண்டுவந்தது. யார் யாரைத் தேர்ந்தெடுப்பது, யாருக்கு எந்த லயம், யாருக்கு முதல் மரியாதை என்பதெல்லாம் அவர் கையில் இருந்தன. சமூகம் உருவானது மெய்தான். அந்தச் சமூகத்தின் பாதுகாப்பும் அதன் மேலான அதிகாரமும் ஒரே ஆளிடம், அதுவும் நிர்வாகத்தின் சம்பளம் வாங்கும் ஆளிடம், சேர்ந்திருந்ததும் மெய்தான். பாதுகாப்பைப் பாராட்டுகிறவர்கள் அந்தச் சம்பளத்தை மறந்துவிடக் கூடாது.

அப்படியானால் கங்காணியைத் துரோகி என்று எழுதிவிடலாமா? நம்முடைய கதைகளிலும் மேடைப் பேச்சுகளிலும் அவர் பல நேரம் அப்படித்தான் வருகிறார். அது எளிதான தீர்ப்பு, ஆகவே தவறான தீர்ப்பு. அவரும் அதே கப்பலின் கீழ்த்தட்டில் வந்தவர், துரை முன் செருப்பைக் கழற்றி நின்றவர். தொழிலாளியாகவே இருந்தால் அவருக்கு மேலே ஏற வேறு படியே இல்லை. கிராணி வேலைக்கு ஆங்கிலம் வேண்டும், துரை வேலைக்கு வெள்ளைத் தோல் வேண்டும். இன்னும் பத்துப் பேரைக் கொண்டுவருவது ஒன்றுதான் அவருக்குத் திறந்திருந்த வாசல். தொழிலாளி முன்னேறக் கூடிய ஒரே வழியை மற்றத் தொழிலாளரின் தலைக்கணக்கில் வைத்தவர்கள் தோட்ட முதலாளிகள். அதனால் லாபம் அவர்களுக்கு வந்தது, பழி கங்காணிக்குப் போனது. அவரை மட்டும் குற்றவாளியாக்கும் வரலாறு லண்டனில் இருந்த இயக்குநர் சபைகளை விடுதலை செய்துவிடுகிறது.

அரசுகள் இந்தச் சிக்கலை உணராமல் இல்லை. சென்னை அரசு அனுப்பிய மார்ஜோரிபாங்க்ஸ், அகமது தம்பி மரைக்காயர் குழுவின் அறிக்கை 1917இல் வந்தது. இந்தியக் குடியேற்றச் சட்டம் 1922இல் வந்தது, அடுத்து இந்திய அரசின் ஏஜெண்டு மலாயாவில் அமர்ந்தார். உரிமத்துக்குக் கட்டுப்பாடுகள் கூடின, ஊர் முன்சீப்பின் சம்மதம் கேட்கப்பட்டது, ஆவடியிலும் நாகப்பட்டினத்திலும் முகாம்களில் சோதனை நடந்தது. இவையெல்லாம் கங்காணி எப்படி நடந்துகொள்கிறார் என்பதைக் கண்காணித்தன. அவருக்கு யார் எதற்காகப் பணம் கொடுக்கிறார்கள் என்ற அடிப்படை வெகுகாலம் அப்படியே நின்றது. 1930இல் உலகப் பொருளாதாரம் விழுந்து ரப்பரும் விழுந்தபோது, ஒன்றரை லட்சத்துக்கு மேற்பட்ட தமிழர்கள் சில ஆண்டுகளுக்குள் திருப்பி அனுப்பப்பட்டார்கள். அவர்களை அழைத்துவந்தவர்கள் கொடுத்த எந்த வாக்கும் அங்கே செல்லவில்லை. 1934இல் கப்பல் மறுபடி ஓடியபோது, முகாமுக்குத் தாமே வந்து பதிந்துகொண்டு ஏறியவர்களே மிகுதி. கங்காணி இல்லாவிட்டால் ஆள் வராது என்று தோட்டக்காரர்கள் சொல்லிவந்த வாதம் அத்தோடு உடைந்தது. நிலைமையை நேரில் ஆராய வந்த வி. எஸ். சீனிவாச சாஸ்திரி தம் அறிக்கையில் கங்காணி வழி ஆள்திரட்டலை நிறுத்தச் சொன்னார். 1938இல் உதவிபெற்ற தொழிலாளர் குடியேற்றத்தையே இந்திய அரசு தடுத்துவிட்டது.

இந்த முறைக்குத் தொழிலாளர்கள் தாங்களே சொன்ன பதில் 1941இல் சிலாங்கூரிலேயே கிடைத்தது. ஆர். எச். நாதன் முன்நின்ற கிள்ளான் வட்டார இந்தியர் சங்கத்தின் துணையோடு அவ்வாண்டு மார்ச்சில் வேலைநிறுத்தம் தொடங்கி, தோட்டம் தோட்டமாகப் பரவியது. சீனத் தொழிலாளருக்கு இணையான கூலி, பிள்ளைகளுக்கு நல்ல கல்வி, துரைகளும் கிராணிகளும் பெண்களிடம் அத்துமீறுவதற்கு முடிவு, கள்ளுக்கடை மூடல், உறவினர் தோட்டத்துக்குள் தடையின்றி வந்துபோக உரிமை, துரையைக் கண்டதும் சைக்கிளிலிருந்து இறங்கவேண்டிய இழிவுக்கு முடிவு, சங்கம் சேரும் உரிமை, குறை சொன்னவரைப் பழிவாங்காதிருத்தல் என்று கோரிக்கைகள் நீண்டன. கடைசி இரண்டையும் கங்காணி முறையின் பின்னணியில் படிக்கவேண்டும். அதுவரை தொழிலாளிக்காகப் பேச ஓர் ஆள் இருந்தார், அவரை நியமித்தது நிர்வாகம். இனிமேல் எங்களுக்காகப் பேசுகிறவரை நாங்களே தேர்ந்தெடுப்போம் என்பது அந்தக் கோரிக்கைகளின் சாரம். மே மாதத்தில் நாதன் கைதாகி நாடு கடத்தப்பட்டார், சிலாங்கூரில் அவசரநிலை வந்தது, துப்பாக்கிச் சூட்டில் தொழிலாளர்கள் மாண்டார்கள். ஆனால் அந்தக் கோரிக்கை மாளவில்லை. 1954இல் தேசியத் தோட்டத் தொழிலாளர் சங்கம் உருவானபோது, கங்காணியின் இடத்தில் தேர்தலில் வென்ற கிளைத் தலைவர் வந்தார்.

இது முடிந்துபோன கதை என்று சிலர் எண்ணலாம். கோல சிலாங்கூரில் ரப்பர் போய் எண்ணெய்ப்பனை வந்துவிட்டது, தோட்டத் தமிழர் பெரும்பாலும் நகரங்களுக்குப் போய்விட்டார்கள். அவர்கள் விட்ட இடத்தில் இந்தோனேசியரும் வங்கதேசத்தவரும் குலை வெட்டுகிறார்கள். அவர்களை ஊரில் சந்தித்து அழைத்துவரும் தரகர்களில் பலர் முன்பு இங்கே உழைத்துத் திரும்பியவர்கள்.    காலம் மாறினாலும் இயங்கும் விதம் ஒன்றே. அனுபவசாலி என்பதாலேயே ஒருவரை நம்பிவிடுகிறோம், அவருக்குக் கூலி கொடுப்பது யார் என்று கேட்பதில்லை.

ஆகவே அனுபவமே பாதுகாப்பு என்ற பழைய நியாயத்தைத் திருத்திக்கொள்ளவேண்டும். அனுபவப்பட்டவரின் வாக்கு உதவியாக இருக்க மூன்று தேவை: அழைக்கப்படுகிறவர்களின் எண்ணிக்கையில் அவர் வருமானம் தொங்கக் கூடாது, வந்தவர் நொந்தால் பதில் சொல்லும் பொறுப்பு அவரை அனுப்பிய முதலாளிக்கு இருக்கவேண்டும், பிழைக்காதவர்களின் கணக்கும் கேட்பவர் முன் வைக்கப்படவேண்டும். இந்த மூன்றும் இல்லாததால்தான் கோல சிலாங்கூர்க் கங்காணி தன் சொந்தங்களுக்கே சுமையானார். மலேசியத் தமிழ்ப் பள்ளிகளில் கங்காணியின் பெயரைச் சொல்லிக்கொடுக்கும்போது, வில்லனாகவோ முன்னோடியாகவோ காட்டிவிட்டு நகராமல் தலைக்காசின் கணக்கையும் பலகையில் எழுதிக் காட்டவேண்டும். அந்தக் கணக்கைப் போடத் தெரிந்த பிள்ளை, நாளை தன்னிடம் வந்து நல்வாக்குச் சொல்லும் எந்தத் தரகரிடமும் சரியான கேள்வியைக் கேட்கும்.