கோல்ட்ஃபிங்கருக்கு முன்பே

2020 ஏப்ரலில் ஆனர் பிளாக்மன் தம் 94ஆம் வயதில் இறந்தபோது, அஞ்சலிக் குறிப்புகள் பலவும் ஜேம்ஸ் பாண்ட் பட நாயகி என்றே அவரை அறிமுகப்படுத்தின. 1964இல் வந்த ‘கோல்ட்ஃபிங்கர்’ உலகெங்கும் ஓடிய படம் என்பதில் ஐயமில்லை. ஆனால் போருக்குப் பிந்தைய பிரிட்டனில் ஒரு நடிகை எப்படி உருவானார் என்பதை அறிய அந்தப் படத்திலிருந்து தொடங்கினால் வரலாறு தலைகீழாகிவிடும். அவரை நிலைநிறுத்தியது தொலைக்காட்சி. அங்கே விளைந்ததைச் சினிமா எடுத்துக்கொண்டது. எடுத்துக்கொண்டதைச் சிறுக்கவும் வைத்தது.

1925இல் கிழக்கு லண்டன் பக்கம் பிளைஸ்டோவில் பிறந்த பிளாக்மன், 1947இல் ‘ஃபேம் இஸ் த ஸ்பர்’ படத்தின் மூலம் திரைக்கு வந்தார். ரேங்க் நிறுவனம் அவரை ஒப்பந்த நடிகையாக வைத்துக்கொண்டது. அழகும் திருத்தமான உச்சரிப்பும் உள்ள இளம்பெண்களைச் சம்பளத்துக்கு அமர்த்திய அந்த நிறுவனத்துக்கு, அவர்களை வைத்து என்ன செய்வது என்பது அவ்வளவாகத் தெரிந்திருக்கவில்லை. டைட்டானிக் மூழ்கிய கதையான ‘எ நைட் டு ரிமெம்பர்’ (1958) நல்ல படம். அதில் கணவனைக் கப்பலில் விட்டுவிட்டுப் பிள்ளைகளோடு படகில் ஏறும் மனைவியாக அவர் நடித்தார். நடிப்பில் குறையே இல்லை. ஆனால் முடிவெடுப்பது கணவன், கீழ்ப்படிவது மனைவி. இதற்குள் திரையரங்குகளும் காலியாகிக்கொண்டிருந்தன. 1946இல் பிரிட்டனில் சுமார் 163 கோடி டிக்கெட்டுகள் விற்றன; 1960இல் அது ஏறத்தாழ 50 கோடிதான். 1955இல் தொடங்கிய வணிகத் தொலைக்காட்சிக்கு வாரந்தோறும் கதை வேண்டியிருந்தது, முகங்கள் வேண்டியிருந்தன.

அப்படி வந்த ‘தி அவெஞ்சர்ஸ்’ தொடரின் முதல் பருவத்தில், ஸ்டீட் என்ற பாத்திரத்தை ஏற்ற பாட்ரிக் மக்னியுடன் நடித்த இயன் ஹென்ட்ரி விலகவே, 1962இல் அந்த இடத்துக்குப் பிளாக்மன் ஏற்ற கேத்தி கேல் என்ற பாத்திரம் வந்தது. மானுடவியல் படித்தவள், கென்யாவில் கணவனை இழந்தவள், ஜூடோ தெரிந்தவள். தொடக்கக் கதைகளில் சில, விலகிப்போன ஆண் பாத்திரத்துக்காக எழுதப்பட்டவை. அதனால் பெண் என்பதற்காகப் பயந்து அலறும் வசனங்கள் அவற்றில் இல்லை. வீடியோ நாடாவை வெட்டி ஒட்டுவது சிரமமாக இருந்த காலம் அது. மேடை நாடகம்போலக் காட்சிகளைத் தொடர்ச்சியாக நடித்தாக வேண்டும். சண்டையும் அப்படித்தான். 40க்கும் மேற்பட்ட அத்தியாயங்களில் அந்த வேகத்தையும் மிடுக்கையும் அவர் தளராமல் காத்தார்.

இப்படியொரு பாத்திரம் அமைந்தது தற்செயல்தானே, பெருமை நடிகைக்கு எப்படிச் சேரும் என்று கேட்கலாம். வாய்ப்பு தற்செயல்தான். ஆனால் ஆணுக்கு எழுதிய வரிகளைப் பேசும்போது ஆணைப் போலச் செய்துகாட்டாமல், ஸ்டீடின் தந்திரங்களை வெளிப்படையாகக் கண்டிக்கும் ஒரு பெண்ணின் அறிவுத் தெளிவாக அவற்றை மாற்றியது அவருடைய நடிப்பு. தொடரில் அவர் அணிந்த தோல் உடை ஆண்களின் கண்ணுக்கு விருந்துதானே என்ற ஆட்சேபம் இன்னும் கனமானது. அந்த உடையின் கவர்ச்சியைத் தயாரிப்பாளர்கள் நன்றாகவே பயன்படுத்திக்கொண்டார்கள். எனினும் சண்டையில் கிழியாத உடை தேவைப்பட்டது என்பதும் உண்மை. அதை அணிந்தவள் கதையில் யாருடைய பரிசுப் பொருளாகவும் ஆகவில்லை என்பது அதைவிட முக்கியமான உண்மை.

‘கோல்ட்ஃபிங்கர்’ படத்துக்காக அவர் தொடரை விட்டு விலகினார். அதில் அவர் ஏற்ற விமானி பாத்திரத்துக்கும் ஜூடோ தெரியும். கேத்தி கேலைப் பார்த்துப் பழகிய பிரிட்டிஷ் ரசிகர்களுக்கு அது எங்கிருந்து வந்தது என்று சொல்ல வேண்டியிருக்கவில்லை. ஆனால் வைக்கோல் கொட்டகைக் காட்சியில் பாண்ட் அவளை வலுக்கட்டாயமாகப் பணியவைக்கிறான். அந்த முத்தத்தோடு அவள் அணி மாறுகிறாள். தொலைக்காட்சியில் எவரிடமும் தோற்காத திறமை, சினிமாவில் நாயகனின் வெற்றியைப் பெரிதாக்கப் பயன்பட்டது. பிளாக்மன் நடித்த அத்தியாயங்கள் அமெரிக்காவில் வெகுகாலம் ஒளிபரப்பாகவில்லை. அங்கே ‘தி அவெஞ்சர்ஸ்’ என்றால் அவருக்குப் பின் வந்த டயானா ரிக்தான். ஆகவே அமெரிக்கர் நினைவில் பிளாக்மன் வெறும் பாண்ட் நாயகியானார். அந்த நினைவே பிறகு உலகத்தின் நினைவாகவும் ஆகிவிட்டது. தொடரின் முதல் பருவத்தில் பெரும்பகுதி அழிந்துபோனாலும், கேத்தி கேல் அத்தியாயங்கள் முழுமையாகக் கிடைக்கின்றன. அவற்றில் சிலவற்றைப் பார்த்துவிட்டு அந்தக் கொட்டகைக் காட்சிக்கு வருபவருக்கு, அவரிடமிருந்து எது பறிக்கப்பட்டது என்பது உடனே தெரியும்.