பனிச்சுவருக்கு ‘அக்கட்டால’ என்ன இருக்கு? வைரல் வீடியோ சொல்வதும் உண்மையும்

குடும்ப வாட்ஸ்அப் குரூப்பில் இந்த வீடியோ உங்களுக்கும் வந்திருக்கலாம். வட்டமான ஒரு வரைபடம். நடுவில் நமக்குத் தெரிந்த கண்டங்கள். அவற்றைச் சுற்றி கோட்டை மதில் மாதிரி ஒரு பனிச்சுவர். சுவருக்கு வெளியே பெயர் தெரியாத பெரிய பெரிய நிலங்கள். பின்னணியில் மிரட்டும் இசை, கூடவே ஒரு குரல்: அங்கே போக யாருக்கும் அனுமதி இல்லை, ஏன் தெரியுமா?

கொங்குப் பக்கத்துப் பேச்சில் கேட்டால், ‘ஏனுங்க, அந்தப் பனிக்கு அக்கட்டால என்னதான் இருக்கு?’

சிரித்துவிட்டுத் தள்ளிவிடும் கேள்வி இல்லை இது. உலகத்தின் விளிம்பில் என்ன இருக்கிறது என்று மனிதர்கள் ரொம்ப காலமாகக் கேட்டு வந்திருக்கிறார்கள். நம் காப்பியங்களிலும் அதற்குப் பதில் உண்டு. ஒவ்வொன்றாகப் பார்ப்போம்.

பனிச்சுவர் என்பதே பொய்யா?

இல்லை, அப்படி ஒன்று நிஜமாகவே இருக்கிறது. 1841-ல் பிரிட்டிஷ் கடற்படை அதிகாரி ஜேம்ஸ் கிளார்க் ராஸ் தெற்கே கப்பலில் போனபோது, கடலில் செங்குத்தாக எழுந்து நின்ற பனி அவரது வழியை அடைத்தது. நீருக்கு மேலே பல இடங்களில் 15 முதல் 50 மீட்டர் உயரம். நூற்றுக்கணக்கான கிலோமீட்டர் நீளம். இன்று அதற்கு ‘ராஸ் பனி அடுக்கு’ என்று பெயர். பரப்பளவில் கிட்டத்தட்ட பிரான்ஸ் நாட்டின் அளவு.

ஆனால் அது உலகைச் சுற்றிய மதில் இல்லை. அண்டார்டிகா கண்டத்தின் மேல் சேர்ந்த பனி மெல்ல நகர்ந்து கடலுக்குள் நீட்டிக்கொண்டு மிதக்கிறது. அதன் விளிம்பைத்தான் ராஸ் பார்த்தார்.

அதைத் தாண்டி யாராவது போனார்களா?

போனார்கள். நார்வேயின் ரோல்ட் அமுண்ட்சென் இதே பனி அடுக்கின் மேல் முகாம் போட்டு, அங்கிருந்து கிளம்பி 1911 டிசம்பர் 14 அன்று தென் துருவத்தை அடைந்தார்.

அதைவிட முக்கியமான பயணம் 1957-58-ல் நடந்தது. விவியன் ஃபுக்ஸ் தலைமையிலான குழு அண்டார்டிகாவின் ஒரு பக்கமான வெட்டல் கடலில் புறப்பட்டு, துருவத்தைத் தொட்டு, மறுபக்கமான ராஸ் கடலில் வந்து சேர்ந்தது. தரைவழியாக சுமார் 3,500 கி.மீ., 99 நாட்கள். எவரெஸ்ட் ஏறிய எட்மண்ட் ஹில்லாரி எதிர்ப்பக்கத்திலிருந்து டிராக்டர்களில் துருவம் வரை வந்து, வழியில் எரிபொருளும் உணவும் சேமித்து வைத்தார்.

வைரல் வரைபடம் சரி என்றால், பனிக்குள் நேராகப் போனவர்களுக்கு நமக்குத் தெரிந்த கடல் திரும்பக் கிடைக்கவே கூடாது. அவர்களுக்குக் கிடைத்தது. பனிக்கு அக்கட்டால இருந்தது இன்னொரு கடல்தான்.

‘துருவத்துக்கு அப்பால் அமெரிக்கா அளவு நிலம்’ என்று ஒரு அட்மிரல் சொன்னாரே?

வீடியோக்களில் அதிகம் வரும் ஆதாரம் இதுதான். ரிச்சர்ட் பைர்ட் அமெரிக்கக் கடற்படை அட்மிரல். 1929-ல் தென் துருவத்தின் மேல் பறந்தவர். 1954-ல் ஒரு டிவி பேட்டியில், துருவத்துக்கு அப்பால் அமெரிக்கா அளவுக்கு மனிதர் பார்க்காத பகுதி இருக்கிறது என்று அவர் சொன்னது உண்மை. வீடியோக்காரர்கள் அந்த ஒரு வரியை மட்டும் வெட்டி எடுத்து ஒட்டுகிறார்கள்.

அவர் எந்தப் பக்கத்தைச் சொன்னார் என்பதை விட்டுவிடுகிறார்கள். ‘லிட்டில் அமெரிக்கா’ என்ற தன் முகாமிலிருந்து பார்த்தால் துருவத்துக்கு மறுபக்கம் என்றுதான் பைர்ட் சொன்னார். அந்த முகாம் ராஸ் பனி அடுக்கின் மேல் இருந்தது. அதாவது, அதே கண்டத்தின் மறுபாதி. அன்றைக்கு அங்கே போனவர்கள் குறைவு, அவ்வளவுதான்.

உலக உருண்டையை எடுத்து லிட்டில் அமெரிக்கா இருந்த இடத்திலிருந்து துருவம் வழியாக நேராக ஒரு கோடு போட்டுப் பாருங்கள். மறுகரையில் அந்தக் கோடு வந்து சேரும் இடத்துக்குப் பக்கத்தில் ஒரு ஆய்வு நிலையம் இருக்கிறது. பெயர் ‘மைத்ரி’. அது இந்தியாவுடையது.

ஆமாம். வீடியோ மர்மமாகக் காட்டும் அந்த ‘அப்பால்’ பகுதியில் 1989 முதல் நம் மூவர்ணக் கொடி பறக்கிறது. மருத்துவர், சமையல்காரர், மெக்கானிக், விஞ்ஞானி என்று ஒரு குழு வருசா வருசம் அங்கே குளிர்காலம் முழுக்கத் தங்கியிருக்கிறது.

இந்தியா அங்கே எப்படிப் போனது?

* 1981 டிசம்பரில் எஸ்.இசட். காசிம் தலைமையில் 21 பேர் குழு கோவாவிலிருந்து கப்பலில் கிளம்பியது. 1982 ஜனவரி 9 அன்று அண்டார்டிகாவில் கால் வைத்தது.
* முதல் நிலையம் ‘தட்சிண் கங்கோத்ரி’. அது பனியில் புதைந்துபோனதால், பாறைத் தரையில் மைத்ரி கட்டப்பட்டது.
* 2012-ல் ‘பாரதி’ நிலையம் திறக்கப்பட்டது.
* வடக்கே, நார்வேயின் ஸ்வால்பார்ட் தீவில் ‘ஹிமாத்ரி’ நிலையம் 2008 முதல் இயங்குகிறது.

‘யாருக்கும் அனுமதி இல்லை’ என்பது உண்மையா?

பாதி கூட உண்மை இல்லை. 1959-ல் 12 நாடுகள் அண்டார்டிகா ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டன. 1983-ல் இந்தியா சேர்ந்தது. ராணுவ நடவடிக்கை கூடாது, ஆய்வு முடிவுகளைப் பகிர வேண்டும் என்பது விதி. முடிவெடுக்கும் உரிமையுள்ள உறுப்பு நாடுகள், மற்றவர்களின் நிலையத்துக்குள் எப்போது வேண்டுமானாலும் போய்ப் பார்க்கலாம் என்பதும் அதே ஒப்பந்தத்தில் இருக்கிறது. ஒளித்து வைப்பவர்கள் இப்படி ஒரு விதி எழுதுவார்களா?

போவதற்கு முன் அனுமதி வாங்க வேண்டும் என்பது நிஜம். சுற்றுச்சூழலைக் காப்பதற்கான விதி அது. இந்தியாவும் 2022-ல் இதற்கென்று ஒரு சட்டம் கொண்டுவந்தது. கையில் காசு இருந்தால் சுற்றுலாக் கப்பலிலேயே போகலாம். 2023-24 சீசனில் மட்டும் ஒரு லட்சத்துக்கும் மேற்பட்டவர்கள் போய் வந்தார்கள்.

வடக்கே என்ன இருக்கு?

1595-ல் வெளியான மெர்கேட்டரின் வரைபடத்தில் வட துருவத்தில் ஒரு கறுப்பு மலை நிற்கும். அதைச் சுற்றி நான்கு நிலங்கள், இடையில் பாயும் நான்கு நீரோட்டங்கள். அந்த மலையை மேரு என்று சொல்லும் வீடியோக்களும் உண்டு. உண்மையில், யாரும் நேரில் பார்க்காத இடத்தைப் பழைய கதைகளை வைத்து நிரப்பிய படம் அது.

1958 ஆகஸ்ட் 3 அன்று அமெரிக்காவின் நாட்டிலஸ் நீர்மூழ்கிக் கப்பல் வட துருவத்தின் பனிக்கு அடியிலேயே கடந்து போனது. மலையும் இல்லை, பூமிக்குள் போகும் ஓட்டையும் இல்லை. மிதக்கும் பனி, அதற்குக் கீழே 4,000 மீட்டருக்கும் அதிக ஆழமுள்ள கடல்.

நம் முன்னோர் இதைச் சொல்லியிருக்கிறார்களா?

‘எல்லாம் நம்ம நூல்களில் இருக்கு’ என்றும் சில வீடியோக்கள் முடியும். இருப்பது என்ன என்று பார்த்தால் இன்னும் சுவாரசியம்.

சிலப்பதிகாரத்தின் தொடக்கப் பகுதியில் புகாரின் செல்வ வாழ்க்கையைச் சொல்ல இளங்கோ எடுக்கும் ஒப்பீடு ‘உத்தரகுரு’. வடக்கே இருப்பதாகச் சொல்லப்படும் போகபூமி. அங்கே உழைப்பு இல்லை, பசி இல்லை. தவம் செய்தவர்கள் அதன் பலனை அனுபவிக்கப் பிறக்கும் இடம். சமண நூல்களில் அது மேருவுக்கு வடக்கே, கேட்டதைத் தரும் கற்பக மரங்களோடு இருக்கிறது.

அந்தச் சமண மரபு நமக்கு ரொம்பப் பக்கம். கோவையிலிருந்து சேலம் ரோட்டில் போகும்போது விஜயமங்கலம் டோல்கேட்டில் நிற்போமே, அந்த ஊரில் சந்திரப்பிரப தீர்த்தங்கரர் கோயில் இருக்கிறது. ‘பெருங்கதை’ எழுதிய கொங்குவேளிர் இந்த ஊர்க்காரர் என்பது வழக்கு. சிலம்புக்கு உரை எழுதிய அடியார்க்கு நல்லாரையும் கொங்கு நாட்டு நிரம்பையைச் சேர்ந்தவர் என்றே சொல்கிறார்கள்.

மதில் கூட இருக்கிறது. உலகங்களைச் சுற்றி வளையமாக நிற்கும் மலை ‘சக்கரவாளம்’. மணிமேகலையில் மேரு, ஏழு மலை, தீவுகள் எல்லாம் வைத்து அந்த உலகத்தின் மாதிரியாக அமைத்த சக்கரவாளக் கோட்டம் வரும்.

ஆனால் ஒரு வித்தியாசம். உத்தரகுருவுக்குப் போகும் வழி தவம். அங்கே பாஸ்போர்ட் கேட்பதாகவோ, யாரோ அதைப் பூட்டி வைத்திருப்பதாகவோ எந்தப் புலவரும் சொல்லவில்லை.

கணக்கு போட்டவர்கள் தனி. மார்கழி தேவர்களின் விடியற்காலை என்று வீட்டில் சொல்வார்கள் இல்லையா? நமக்கு ஒரு வருடம், தேவர்களுக்கு ஒரு நாள் என்ற கணக்கு அது. வட துருவத்தில் மேருவை வைக்கும் சூரிய சித்தாந்தம், அங்கிருப்பவர்களுக்கு ஆறு மாதம் பகல், ஆறு மாதம் இரவு என்கிறது. துருவத்துக்குப் போகாமலே இதைச் சொல்ல முடிந்தது எப்படி? பூமி உருண்டை என்று எடுத்துக்கொண்டால் கணக்கிலேயே வந்துவிடும். 499-ல் எழுதிய ஆரியபட்டரும் பூமியைக் கதம்பப் பூ உருண்டைக்குத்தான் ஒப்பிட்டார்.

வேத கால முன்னோர் ஆர்க்டிக்கிலேயே வாழ்ந்தார்கள் என்று 1903-ல் திலகர் ஒரு நூல் எழுதினார். வரலாற்று ஆய்வாளர்கள் அதை ஏற்கவில்லை.

சரி, இதனால் நமக்கு என்ன?

உத்தரகுருவை நம்பியவர் யாரையும் சந்தேகப்படத் தேவை இருக்கவில்லை. பனிச்சுவர் வீடியோவை நம்ப, விஞ்ஞானி, மாலுமி, பள்ளிக்கூட வாத்தியார் என்று அத்தனை பேரும் பொய் சொல்கிறார்கள் என்று நம்பியாக வேண்டும். அதை நம்பப் பழகிவிட்டால், அடுத்து வரும் உண்மையான எச்சரிக்கையும் பொய்யாகத்தான் தெரியும்.

அந்த எச்சரிக்கை இதே பனியைப் பற்றியது. 2002 முதலான செயற்கைக்கோள் அளவீடுகளின்படி அண்டார்டிகா ஆண்டுக்குச் சராசரியாக 13,000 கோடி டன்னுக்கும் மேல் பனியை இழக்கிறது. ஆர்க்டிக்கில் செப்டம்பர் மாதக் கடல்பனி பத்தாண்டுக்குச் சுமார் 12% குறைகிறது. கோவை கடல் மட்டத்திலிருந்து 400 மீட்டருக்கு மேலே இருக்கிறது, கடல் இங்கே வராது. ஆனால் சிறுவாணியும் ஆழியாறும் நிரம்புவது பருவமழையால். ஆர்க்டிக் பனிக்கும் நம் பருவமழைக்கும் என்ன தொடர்பு என்று பார்ப்பது ஹிமாத்ரியில் நடக்கும் ஆய்வின் நோக்கங்களில் ஒன்று.

அடுத்த முறை அந்த வீடியோ குரூப்பில் வந்தால், அனுப்பிய பெரியப்பாவோடு சண்டை போட வேண்டாம். ‘அக்கட்டால நம்ம மைத்ரி இருக்குதுங்க பெரியப்பா’ என்று சொல்லி, வரைபடத்தில் அந்த இடத்தைக் காட்டுங்கள். அது போதும்.