பட்டாபட்டிக்கு வந்த பவிசு

ஆரியங்காவுக் கணவாய் வழியே தென்மேற்குக் காற்று நுழைந்து தென்காசியில் சாரல் விழுந்தால் குற்றாலத்தில் சீசன். ஜூன் முதல் ஆகஸ்ட் வரை பேரருவி, ஐந்தருவி, பழைய குற்றாலம் எங்கும் நனைந்த உடம்புகள்தான். அடித்து விழும் தண்ணீர் வேட்டி, கைலியை உருவிவிடும் என்பதால் அருவிக்கரையில் ஆண்களின் உள்ளாடையே மேலாடை. ஊரில் கேலிக்கு ஆளான பட்டாபட்டியைக் கூச்சமில்லாமல் வெளியே நடமாடவிட்ட இடம் இது.

கோடு போட்ட பருத்தித் துணி, இடுப்பில் நாடா, பீடிக்கட்டும் சில்லறையும் வைக்க ஒரு பை. வேட்டியை மடித்துக் கட்டி வயலில் இறங்கியவருக்கும், மூட்டை சுமந்தவருக்கும் மானம் காத்தது அந்த டவுசர்தான். திருப்பூர் ஜட்டி பரவியதும் அது தாத்தாக்களின் உடுப்பானது. சினிமாவில் வடிவேலுவின் பட்டாபட்டி தெரிந்தாலே தியேட்டரில் சிரிப்பு.

உள்ளே கிடந்தது வெளியே வருவது உலகத்துக்குப் புதிதல்ல. அமெரிக்கக் கடற்படை 1913-ல் சீருடைக்குள் போடக் கொடுத்த பனியன்தான் டி-ஷர்ட். இரண்டாம் உலகப் போரின்போது வெக்கை தாங்காத வீரர்கள் மேல்சட்டையைக் கழற்றிவிட்டு அதோடு வேலை பார்த்தார்கள். 1951-ல் 'எ ஸ்ட்ரீட்கார் நேம்டு டிசையர்' படத்தில் மார்லன் பிராண்டோ உடம்போடு ஒட்டிய டி-ஷர்ட்டில் நின்றார், இளைஞர்கள் பின்தொடர்ந்தார்கள். 1978-ல் இத்தாலி வியாபாரி ஒருவர் வெள்ளை டி-ஷர்ட் கேட்டுத் திருப்பூருக்கே வந்தார். அங்கே அதைத் தைக்கும் இடத்துக்கு இன்றும் 'பனியன் கம்பெனி' என்றுதான் பெயர்.

பட்டாபட்டியின் வெளிநாட்டுப் பங்காளி பாக்ஸர். குத்துச்சண்டை வீரர்களுக்காக எவர்லாஸ்ட் நிறுவனர் ஜேக்கப் கோலம்ப் 1925-ல் டவுசரின் தோல் பெல்ட்டை எடுத்துவிட்டு எலாஸ்டிக் வைத்தார். அதே வெட்டில் வந்த உள்ளாடை நெடுநாள் பெரியவர்களின் சரக்காகவே கிடந்தது. 1985-ல் லீவைஸ் விளம்பரத்தில் நிக் கேமன் சலவைக்கடையில் ஜீன்ஸைக் கழற்றிப் போட்டுவிட்டு வெள்ளை பாக்ஸரோடு உட்கார்ந்தார். பிரிட்டனில் பாக்ஸர் விற்பனை எகிறியது. ஜீன்ஸுக்கான விளம்பரம் அது!

இன்று கோடும் கட்டமும் போட்ட பாக்ஸர் மால்களில் தொங்குகிறது. பட்டாபட்டி இணையத்தில் விற்கிறது. துணியும் வெட்டும் பெரிதாக மாறவில்லை. உடுத்தும் ஆள் மாறினார். உழைப்பவர் தேவைக்கு உடுத்தினால் பட்டிக்காடு, வசதியானவர் விருப்பத்துக்கு உடுத்தினால் ஃபேஷன். குற்றாலச் சீசனில் அருவிக்கரையில் பட்டாபட்டியோடு நிற்கும் பெரியவரைப் பார்த்தால் சிரிக்காதீர்கள். அவர் உங்களுக்கு முன்னோடி.