குத்தகை வாரிசுரிமையில் உழைப்பு என்னும் நிபந்தனை

குத்தகைதாரர் ஒருவர் உயில் எழுதாமல் இறக்கிறார். மனைவி, இரண்டு மகன்கள், வெளியூரில் கட்டிக்கொடுத்த ஒரு மகள். மூத்தவர் மனுக் கொடுத்து, குத்தகை உரிமைப் பதிவேட்டில் தம் பெயரை ஏற்றிக்கொள்கிறார். நிலம் சாலைக்காகக் கையகப்படுத்தப்படும்போதோ, நில உரிமையாளர் ஒரு தொகையைக் கொடுத்துச் சாகுபடியை விட்டுத்தரக் கேட்கும்போதோதான் மகள் பங்கு கேட்கிறார். அண்ணனின் விடை ஆயத்தமாக இருக்கிறது: உழுதவன் நான், உழாதவருக்குக் குத்தகைச் சட்டத்தில் இடமில்லை. பாதி சரியான இந்த விடை பல குடும்பங்களில் முழுச் சட்டமாக ஏற்கப்பட்டுவிடுகிறது.

சரியான பாதி 1955ஆம் ஆண்டின் தமிழ்நாடு சாகுபடிக் குத்தகைதாரர் பாதுகாப்புச் சட்டத்தின் வரையறைப் பிரிவில் உள்ளது. தம் உடலுழைப்பையோ தம் குடும்பத்தார் எவருடைய உடலுழைப்பையோ செலுத்திப் பிறர் நிலத்தைப் பயிரிடுபவரே சாகுபடிக் குத்தகைதாரர். அவருடைய வாரிசும் அதே உழைப்பைச் செலுத்தினால் அந்த வரையறைக்குள் வருவார். வெறும் இடைத்தரகருக்கு அதில் இடமில்லை. இந்த நிபந்தனை எவரை எதிர்நோக்கி வைக்கப்பட்டது என்பதைச் சட்டம் பிறந்த சூழல் காட்டும். தஞ்சை மாவட்டத்தில் மிராசுதார்கள் குத்தகைதாரர்களையும் பண்ணையாட்களையும் வெளியேற்றியதைத் தடுக்க 1952இல் தனிச் சட்டம் வந்தது. மூன்றாண்டு கழித்து வந்த சட்டம் வெளியேற்றத்துக்கு எதிரான காப்பை மாநிலம் தழுவியதாக்கியது. நில உரிமையாளரை எதிர்த்து நிற்க எந்தக் குத்தகைதாரருக்குத் தகுதி உண்டு என்பதே அங்கே கேள்வி. உடன்பிறந்தாரிடையே பங்கை அளக்கும் கோலாக உழைப்பு வகுக்கப்படவில்லை.

இந்து வாரிசுரிமைச் சட்டம், 1956இன் 4(2) பிரிவை இங்கே எதிர்வாதமாகக் கொண்டுவருவார்கள். வேளாண் நிலத்தின் குத்தகை உரிமை யாருக்கு இறங்கும் என்று கூறும் மாநிலச் சட்டங்களை இந்தச் சட்டம் பாதிக்காது என்றது அப்பிரிவு. 2005ஆம் ஆண்டுத் திருத்தம் அதை நீக்கியது. நீக்கத்தால் மாநிலச் சட்டங்கள் வீழ்ந்தனவா, நிலமும் குத்தகையும் மாநிலப் பட்டியலில் இருப்பதால் அவை பிழைத்தனவா என்ற விவாதம் வட மாநிலங்களில் உயிரோடிருப்பதற்குக் காரணம் உண்டு. உத்தரப் பிரதேசத்தின் ஜமீன்தாரி ஒழிப்புச் சட்டத்தில் 171ஆம் பிரிவு வாரிசுகளைத் தானே வரிசைப்படுத்தியது. மகன் இருக்கையில் மணமான மகளுக்கு அதில் பங்கில்லை. தில்லி நிலச் சீர்திருத்தச் சட்டத்தின் 50ஆம் பிரிவும் ஆண்வழிக்கே முன்னிடம் தந்தது. 2005க்குப் பின் அதற்கு மேலாக இந்து வாரிசுரிமைச் சட்டமே செல்லும் என்று தில்லி உயர் நீதிமன்றம் 2010இல் கூறியது.

தமிழ்நாட்டுச் சட்டம் அப்படிப்பட்டதன்று. "வாரிசு" என்ற சொல்லோடு நின்றுவிடுகிறது; அந்த வாரிசு யார் என்று பட்டியலிடவில்லை. ஆகவே வாரிசை அறியத் தனிநபர் சட்டத்துக்குத்தான் போகவேண்டும். இந்துக்களுக்கு இந்து வாரிசுரிமைச் சட்டத்தின் 8ஆம் பிரிவின்படி மனைவி, மகன், மகள், தாய் அனைவரும் முதல் வகுப்பில் ஒருசேர நிற்கிறார்கள். என் பார்வையில், 4(2) நடப்பிலிருந்த காலத்திலும் தமிழ்நாட்டு மகளின் பங்கை மறுக்க அது உதவியிருக்கக் கூடாது. விட்டுவைக்க இங்கே தனி இறங்குரிமை விதி எதுவும் இருக்கவில்லை. (குடும்பப் பேச்சுவார்த்தைகளில் "உனக்கு 1989க்கு முன்பே கல்யாணமாகிவிட்டது" என்ற வாதமும் வரும். அந்தத் தேதி கூட்டுக்குடும்பச் சொத்து பற்றிய மாநிலத் திருத்தத்துக்கு உரியது. தந்தை தாமே எடுத்த குத்தகைக்கும் அதற்கும் தொடர்பில்லை.)

இதற்கு வலுவான மறுப்பு ஒன்று உண்டு. வயலில் இறங்காத மகளுக்குப் பங்கு தந்தால், அண்ணன் உழைக்கத் தங்கை பயன்பெறும் நிலை உருவாகும்; சட்டம் விலக்க நினைத்த இடைத்தரகரைக் குடும்பத்துக்குள்ளேயே உண்டாக்கியதாகாதா? இதை எளிதில் தள்ளிவிட முடியாது. ஆண்டுதோறும் விளைச்சலில் மகளுக்குப் பங்கு என்று நானும் வாதிடமாட்டேன். அனுபவத்தையும் மதிப்பையும் பிரித்துப் பார்த்தால் வழி தெரியும். உழுபவர் வயலில் நீடிக்கட்டும்; குத்தகை உரிமை பணமாக மாறும் நாளில் அந்தப் பணம் முதல் வகுப்பு வாரிசுகள் எல்லாருக்கும் உரியது, உழைத்தவரின் செலவும் மேம்பாடும் கழித்து. அயலான யோசனையன்று இது. கூட்டு வாரிசு ஒருவர் தம் பங்கை விற்க முனைந்தால் மற்றவருக்கு வாங்கும் முன்னுரிமை உண்டு, விலையில் இசைவு வராவிட்டால் நீதிமன்றம் தீர்மானிக்கும் என்கிறது இந்து வாரிசுரிமைச் சட்டத்தின் 22ஆம் பிரிவு. அது வேளாண் நிலத்துக்கும் பொருந்தும் என்று 2019இல் உச்ச நீதிமன்றம் உறுதிசெய்தது. சொத்து ஒருவர் கையில், மதிப்பு அனைவருக்கும் என்ற ஏற்பாட்டைச் சட்டம் முன்பே அறிந்திருக்கிறது.

"உழாதவர்" என்ற குற்றச்சாட்டையும் அப்படியே ஏற்கத் தேவையில்லை. நெல் வயலில் நடவும் களையெடுப்பும் பெரிதும் பெண்கள் வேலை. கணவரோடு காலமெல்லாம் நட்ட மனைவி, மணமாகும்வரை களையெடுத்த மகள் ஆகியோரின் உழைப்பு தாளில் ஏறுவதில்லை. குத்தகை நெல் ரசீதும் பதிவேடும் ஆண் பெயரில் இருக்கும். உழைப்பே அளவுகோல் என்று வாதிடும் மகன், தாயின் உழைப்பை மட்டும் "உதவி" என்று சொல்லிக் கடந்துவிட முடியாது.

நடைமுறையில் மகளுக்கு உண்மையான ஆபத்து வேறிடத்தில் இருக்கிறது. குத்தகைதாரர் இறந்தால் வாரிசுகள் கூட்டுக் குத்தகைதாரர்களாகிறார்கள், ஒருவருக்குத் தரும் அறிவிப்பு எல்லாருக்கும் போதும் என்பது கட்டடக் குத்தகை வழக்குகளில் 1989 முதல் உச்ச நீதிமன்றம் வகுத்த நெறி. நில உரிமையாளருக்கு வசதியான இந்த நெறியை வயலுக்கும் நீட்டினால், அண்ணன் தனியாகச் செய்துகொள்ளும் சமரசமே தங்கையையும் கட்டும். ஆகவே இறந்தவர் பெயரை நீக்கும்போது எல்லா வாரிசுகளுக்கும் அறிவிப்பு அனுப்பி, அனைவர் பெயரையும் எழுதி, உழுபவர் யார் என்பதைத் தனியே குறிப்பதே பதிவு அலுவலருக்கு முறை. 1969ஆம் ஆண்டின் குத்தகை உரிமைப் பதிவேட்டுச் சட்டத்தில் 16-ஏ பிரிவு உரிமையியல் நீதிமன்றத்தை விலக்குவது அந்த அலுவலர் தீர்மானிக்கக்கூடியவற்றில் மட்டுமே. வாரிசுகளிடையே இழப்பீட்டுத் தொகையைப் பங்கிடும் அதிகாரம் அவருக்கு இல்லை. எனவே மகள் தொடுக்கும் பாகப்பிரிவினை வழக்கை அந்தப் பிரிவைக் காட்டித் திருப்பி அனுப்புவது பொருந்தாது.