பிறந்த தேதியும் எலும்பின் வயதும்: சித்தூர், திருப்பதி இளையோர் கூடைப்பந்தை முன்வைத்து

இளையோர் கூடைப்பந்தில் வயதுப் பிரிவு என்பது உயரத்தின் நியாயம் பற்றியது. வளரிளம் பருவத்தில் ஓராண்டு மூப்பே ஆட்டத்தின் போக்கை மாற்றிவிடும். பள்ளி விளையாட்டுகள் 14, 17, 19 வயதுக்குட்பட்டோர் எனப் பிரிக்கப்படுகின்றன. அவ்வயதை மெய்ப்பிப்பது எது?

1911இல் சித்தூர் மாவட்டம் உருவானபோது, சென்னை மாகாணத்தின் 1899ஆம் ஆண்டுப் பிறப்பு, இறப்புப் பதிவுச் சட்டம் நடப்பில் இருந்தது. பதிவேட்டில் விடுபட்ட குழந்தைக்குப் பள்ளிச் சேர்க்கையின்போது எழுதப்பட்ட தேதியே பிறந்த தேதியாயிற்று. 1953இல் ஆந்திர மாநிலம் பிறந்தது. 1969இல் நாடு முழுமைக்குமான பதிவுச் சட்டம் வந்தது. 2022இல் திருப்பதி தனி மாவட்டமானது. ஆட்சி எல்லைகள் மாறியபோதும் பள்ளிப் பதிவேட்டின் தேதி வாழ்நாள் முழுதும் உடன் வந்தது.

வயது மோசடியைத் தடுக்க நடுவண் விளையாட்டு அமைச்சகம் 2010இல் வகுத்த நெறிமுறை மருத்துவச் சோதனையை ஏற்றது. ஆனால் கதிர்ப்படம் காட்டுவது எலும்பின் முதிர்ச்சியை மட்டுமே. 1982இல் தடுப்புக் காவல் வழக்கொன்றில், இத்தகைய மதிப்பீடு இருபுறமும் ஈராண்டு பிசகலாம் என உச்ச நீதிமன்றம் குறிப்பிட்டது. அதாவது ஐயத்தின் அகலம் நான்காண்டு. 14க்கும் 17க்கும் இடைவெளியோ மூன்றாண்டு. விரைந்து வளர்ந்த நேர்மையான சிறுமி விலக்கப்படலாம். மூத்தவர் ஒருவர் தப்பிவிடலாம்.

2023 அக்டோபர் 1 முதல் பிறப்போருக்குப் பள்ளிச் சேர்க்கை முதலியவற்றில் பிறப்புச் சான்றிதழே வயதின் ஆதாரம் என்கிறது திருத்தச் சட்டம். அக்குழந்தைகள் 2036இல்தான் பதின்மூன்றை எட்டுவர். அதுவரை திடலின் நியாயம் பழைய பதிவேடுகளையே நம்பியிருக்கிறது.